மறைக்கப்பட்ட கோப்புகளும் கூகியின் புதினங்களும்: கென்ய அவசரகாலத்தை முன்வைத்து ஒரு நோக்கு

முன்னுரை

இலக்கியம் காலத்தின் கண்ணாடி என்பது நம் வகுப்பறைகளில் நெடுங்காலமாக வழங்கிவரும் கூற்றாகும். ஆப்பிரிக்கப் புதினங்களைப் பற்றி எழுதுவோரும் பெரும்பாலும் இதனையே தொடக்கமாகக் கொள்வர். ஆனால், கண்ணாடி தன்முன் நிற்பதை மட்டுமே காட்டும். ஆட்சியாளர் மறைத்தவையும் மக்கள் தாமே சொல்லக் கூசியவையும் அதில் தெரிவதில்லை. ஆதலின், ஒரு புதினம் வரலாற்றுக்கு எவ்வகையில் சான்றாகிறது என்னும் வினாவை நாம் மீண்டும் எழுப்ப வேண்டியுள்ளது. கென்ய எழுத்தாளர் கூகி வா தியாங்கோவின் (1938-2025) புதினங்களை, சிறப்பாக 1967இல் வெளிவந்த 'ஒரு கோதுமை மணி' என்னும் புதினத்தை, அந்நாட்டின் அவசரகால வரலாற்றோடு ஒப்பிட்டு இவ்வினாவிற்கு விடை காண இக்கட்டுரை முற்படுகிறது.

நிலமும் பள்ளியும்

கென்யா 1895இல் பிரித்தானியரின் காப்பரசாகவும் 1920இல் அவர்தம் காலனியாகவும் ஆக்கப்பட்டது. 1915ஆம் ஆண்டின் நிலச் சட்டம் வெள்ளையர்க்கு 999 ஆண்டுக் குத்தகையில் நிலம் வழங்க வழிசெய்தது. முதல் உலகப் போருக்குப்பின், போரிலிருந்து மீண்ட பிரித்தானியப் படைவீரர்கள் கென்ய மேட்டுநிலங்களில் குடியமர்த்தப்பட்டனர். ஆப்பிரிக்க ஆடவர்களோ 'கிப்பாண்டே' எனப்பட்ட பதிவுச் சான்றினை எங்கும் உடன்கொண்டு செல்லக் கட்டாயப்படுத்தப்பட்டனர். அச்சான்று உலோகக் கூட்டில் இடப்பட்டுக் கழுத்தில் தொங்கவிடப்பட்டது.

இச்செய்திகளைச் சட்ட ஏடுகளிலிருந்தே நாம் அறியலாம். 1964இல் வெளிவந்து, தமிழில் 'தேம்பி அழாதே பாப்பா' எனப் பெயர்பெற்ற புதினம் இவற்றிற்கு அப்பால் ஒன்றைக் கூறுகிறது. கொத்தோ என்னும் முதியவர் தம் முன்னோர்க்குரிய நிலத்திலேயே வெள்ளையர் ஒருவரின் கூலியாளாக உழைக்கிறார். நிலம் என்றேனும் தம்மிடம் திரும்பும் என்னும் நம்பிக்கையில் அதனைப் பேணுகிறார். அந்நிலத்தை வைத்திருக்கும் ஹௌலண்ட்ஸும் அதனைத் தம் உயிரென நேசிக்கிறார். ஒரே மண்ணின்மீது இருவர் கொண்ட பற்றினை எந்தக் குத்தகைப் பத்திரமும் பதிவு செய்வதில்லை.

1965இல் வெளியான 'இடையில் ஓடும் நதி' பள்ளிக்கூடத்தைக் களமாகக் கொள்கிறது. பெண்களுக்குச் செய்யப்பட்டு வந்த விருத்தசேதனச் சடங்கினைக் கைவிட வேண்டுமெனச் சமயப் பரப்புக் குழுவினர் வற்புறுத்தியதால் 1929இல் பெரும் பிணக்கு மூண்டது. கிக்கூயு பெற்றோர் பலர் அக்குழுவினரின் பள்ளிகளிலிருந்து விலகித் தமக்கெனத் தனிப்பள்ளிகளை நிறுவினர். சடங்கை மேற்கொண்டு மாண்டுபோகும் முத்தோனி என்னும் பெண்ணின் வழியாகக் கூகி இப்பிணக்கை அணுகுகிறார். இரு தரப்பாரும் தத்தம் கொள்கைக்கு அவளைச் சான்றாக்குகின்றனரேயன்றி, அவள் விரும்பியது யாது என எண்ணுவாரில்லை.

அவசரகாலமும் மலாயாத் தொடர்பும்

1952 அக்டோபர் 20ஆம் நாள் ஆளுநர் ஈவ்லின் பேரிங் அவசரகால நிலையை அறிவித்தார். நிலமிழந்த கிக்கூயு மக்களிடையே கிளர்ந்த மாவ் மாவ் எழுச்சியை ஒடுக்குவதே அதன் நோக்கம். 1960 ஜனவரி வரை நீடித்த அக்காலத்தில் 1,090 பேர் தூக்கிலிடப்பட்டதாக டேவிட் ஆண்டர்சன் 2005இல் வெளியிட்ட ஆய்வு காட்டுகிறது. 1954 முதல் பத்து இலட்சத்திற்கும் மேற்பட்ட மக்கள் தம் வீடுகளை இழந்து, அகழியும் முள்வேலியும் சூழ்ந்த ஊர்களில் குடியமர்த்தப்பட்டனர். தனிப்பள்ளிகளும் முடக்கப்பட்டன.

இவ்விடத்து நம் நாட்டு வரலாறு நினைவுகூரத்தக்கது. 1948 முதல் 1960 வரை மலாயாவிலும் அவசரகாலம் நிலவியது. பிரிக்ஸ் திட்டத்தின்கீழ் ஏறத்தாழ ஐந்து இலட்சம் மக்கள் புதுக்கிராமங்களுக்கு மாற்றப்பட்டனர். கென்ய ஆட்சியினர் இப்பட்டறிவைப் பயன்படுத்திக் கொண்டனர். தடுப்புக்காவலில் இருப்போரைச் சீர்திருத்தும் முறையைப் பயில்வதற்காக அதிகாரி தாமஸ் ஆஸ்க்வித் 1953இல் மலாயாவுக்கு அனுப்பப்பட்டார். எனவே, கூகி காட்டும் அகழி சூழ்ந்த ஊர் மலேசிய, சிங்கப்பூர் வாசகர்க்கு முற்றிலும் அயலானதன்று.

கூகியும் இவ்வரலாற்றுக்குள் வாழ்ந்தவரே. லிமுருவை அடுத்த கமிரீத்து அவரது ஊர். தமையனார் காட்டுப் போராளிகளுடன் சேர்ந்தார். விடுதிப் பள்ளியிலிருந்து விடுமுறைக்குத் திரும்பிய மாணவர் கூகி, தம் வீடு இருந்த இடம் வெறுமையாய்க் கிடப்பதையே கண்டார்.

கோப்புகளின் மௌனம்

1959 மார்ச்சு 3ஆம் நாள் ஹோலா தடுப்பு முகாமில் 11 பேர் அடித்துக் கொல்லப்பட்டனர். தண்ணீர் வண்டியிலிருந்து நீர் பருகிய பின் அவர்கள் இறந்தனர் என்பதே அரசின் முதல் அறிவிப்பு. உண்மை விரைவில் வெளிப்பட்டு, அவ்வாண்டே பிரித்தானிய நாடாளுமன்றத்தில் விவாதிக்கப்பட்டது. எனினும், அது ஒரு தனி நிகழ்ச்சி, சிலரது பிழை என்றே கருதப்பட்டு வந்தது.

1963இல் கென்யா விடுதலை பெறுமுன் கோப்புகள் பல அழிக்கப்பட்டன. வேறு பல இலண்டனுக்குக் கொண்டு செல்லப்பட்டன. அவசரகாலக் கொடுமைகளுக்கு உள்ளான கென்ய முதியோர் சிலர் 2009இல் இலண்டன் உயர்நீதிமன்றத்தில் வழக்குத் தொடுத்தனர். அதன் விளைவாக, ஹன்ஸ்லோப் பார்க் என்னுமிடத்தில் கென்யாவுக்குரிய ஏறத்தாழ 1,500 கோப்புகள் இருப்பதை அரசு 2011இல் ஒப்புக்கொண்டது. மலாயா, சிங்கப்பூர் உள்ளிட்ட 37 காலனி நாடுகளின் கோப்புகளும் அங்கே இருந்தன. 2013 ஜூன் 6ஆம் நாள் வெளியுறவு அமைச்சர் வில்லியம் ஹேக் வருத்தம் தெரிவித்து, 5,228 பேருக்காக 19.9 மில்லியன் பவுண்டு வழங்கும் உடன்பாட்டை அறிவித்தார். வன்முறை ஆட்சிமுறையின் ஒரு பகுதியாகவே இருந்தது என்பதற்குக் கோப்புகள் சான்று பகர்ந்தன.

'ஒரு கோதுமை மணி' 44 ஆண்டுகளுக்கு முன்பே இதனை உணர்த்தியிருந்தது. அதில் வரும் ரீரா முகாம் ஹோலாவை நினைவூட்டுகிறது. தபாய் என்னும் ஊரைச் சுற்றி அகழி தோண்டுமாறு பெண்களும் ஏவப்படுகின்றனர், தளர்ந்தவர்கள் அடிக்கப்படுகின்றனர். கொடுமை இங்கு விதிவிலக்காக வருவதில்லை. அன்றாட வேலையாக வருகிறது. தனி நிகழ்ச்சி என்னும் விளக்கத்தைப் புதினம் இவ்வாறு மறுக்கிறது.

மற்றொரு மௌனம்

மௌனம் காலனித்துவ ஆட்சியினர்க்கு மட்டும் உரியதன்று. விடுதலைக்குப்பின் ஜோமோ கென்யாட்டாவின் அரசு பழையதை மறக்குமாறு மக்களைக் கேட்டுக்கொண்டது. மாவ் மாவ் இயக்கத்தின் மீதான தடை 2003இல்தான் நீக்கப்பட்டது.

'ஒரு கோதுமை மணி' விடுதலை நாளாகிய 1963 டிசம்பர் 12ஐ ஒட்டிய சில நாள்களில் நிகழ்கிறது. ஊரார் முகோவை வீரனெனப் போற்றி, விழாவில் பேச அழைக்கின்றனர். போராளி கிஹிக்காவைக் காட்டிக்கொடுத்தவன் அவனே என்பதை எவரும் அறியார். கிக்கோன்யோ இயக்கத்தின் உறுதிமொழியை வெளிப்படுத்திவிட்டு முகாமிலிருந்து மீண்டவன். அவன் மனைவி மும்பியோ, ஆட்சியினர்க்குத் துணைநின்ற கரஞ்சாவின் குழந்தைக்குத் தாயாகியிருக்கிறாள். வெள்ளையர் ஒருவரின் பண்ணையைக் கூட்டாக வாங்க ஊரார் சிலர் முயல்கின்றனர்; உதவுவதாகச் சொன்ன நாடாளுமன்ற உறுப்பினரே அதனை வாங்கிவிடுகிறார். விழா நாளில் முகோ எழுந்து தன் குற்றத்தைக் கூட்டத்தின்முன் ஒப்புக்கொள்கிறான். காட்டிக்கொடுத்தலை வேற்றாரின் செயலாக மட்டும் காட்டாமல் வீட்டினுள்ளும் நெஞ்சினுள்ளும் காட்டியதே இப்புதினத்தின் தனிச்சிறப்பு எனலாம்.

இத்துணிவுக்குக் கூகி பின்னர் விலை கொடுத்தார். அவசரகால ஊராகிய கமிரீத்துவிலேயே மக்களைக்கொண்டு 1977இல் கிக்கூயு மொழியில் நாடகம் நிகழ்த்தினார். அந்நாடகம் தடுக்கப்பட்டது, அவ்வாண்டின் இறுதியில் அவர் விசாரணையின்றிச் சிறையிடப்பட்டார். கமிட்டி சிறையில் கழிப்பறைத் தாளில் அவர் எழுதிய கிக்கூயு மொழிப் புதினமே தமிழில் 'சிலுவையில் தொங்கும் சாத்தான்' என வெளிவந்தது. அவரைச் சிறையிட்டது விடுதலை பெற்ற கென்யாவின் அரசு என்பது நோக்கத்தக்கது.

சான்றின் எல்லை

புதினத்தை அப்படியே வரலாறாகக் கொள்வதும் பொருந்தாது. 1980களில் வெளிவந்த திருத்தப் பதிப்பில் கூகி 'கட்சி' என்றிருந்ததை 'இயக்கம்' என மாற்றினார். வெள்ளைப் பெண்ணொருத்தி வன்புணர்வுக்கு ஆளாகும் நிகழ்ச்சியையும் நீக்கினார். ஆகவே, எப்பதிப்பைப் படிக்கிறோம் என்பதும் ஆய்வுக்குரியதாகிறது. மேலும், அவர் புதினங்கள் பெரிதும் கிக்கூயு மக்களின் பார்வையிலேயே அமைந்தவை. கென்யாவின் பிற இனத்தார் அவசரகாலத்தை எவ்வாறு கண்டனர் என்பதை அவற்றிலிருந்து மட்டும் அறிய இயலாது.

முடிவுரை

மேற்கண்டவற்றை நோக்குமிடத்து, புதினத்தைக் கண்ணாடி என்பதினும் சாட்சி என்பதே பொருத்தமாகத் தோன்றுகிறது. சாட்சி தான் நின்ற இடத்திலிருந்தே பேசுவார். அவரைக் குறுக்கு விசாரணை செய்யவும் வேண்டும். ஆயினும், ஏடுகள் எரிக்கப்பட்ட இடத்தில் சாட்சியின் சொல்லே முதலில் எஞ்சுகிறது. கென்யாவில் எழுத்தாளர் சொல்லியதைக் கோப்புகள் பின்னர் உறுதி செய்தன. கோப்புகள் திறந்த பின்னும் முகோவின் நெஞ்சில் இருந்ததை அவற்றில் எவரும் காணவியலாது. மாணவர்க்குப் புதினம் கற்பிக்கும் நாம், அது எதனைக் காட்டுகிறது என்பதோடு, வேறெங்கும் பதிவாகாத எதனை அது காத்து வைத்துள்ளது என்றும் அவர்களை வினவச் செய்தல் வேண்டும்.