தாலி எடுத்துக் கொடுக்கும் கை



எங்கள் வன்னிக் கிராமங்களில் ஐயர் இல்லாத கலியாணங்களையும் கண்டிருக்கிறேன். தாய்மாமன் தாலியை எடுத்துக் கொடுப்பார், ஊர் சாட்சி. அது சட்டப்படி செல்லுமா?

இதே கேள்வி கடலுக்கு அப்பால் நீதிமன்றம் ஏறியது. சடங்கில்லாத சுயமரியாதைத் திருமணம் செல்லாதென 1953இல் சென்னை உயர்நீதிமன்றம் தீர்ப்பளித்தது. 1967இல் அண்ணாவின் அரசு சட்டத்தைத் திருத்தியது: உறவினர், நண்பர் முன்னிலையே போதும், முன்னர் நடந்த அத்தகைய மணங்களும் செல்லும்.

இலங்கையில் வழமைப்படி நடந்த மணம் எழுத்து இல்லாமலும் செல்லும். எனினும் 1907ஆம் ஆண்டின் விவாகப் பதிவுச் சட்டத்தில் பதிவேடே மிகச் சிறந்த சான்று. 2009இல் கணவனோடு மாமனையும் அயலையும் இழந்தவளுக்குச் சாட்சி சொல்ல யார் இருந்தார்?

தாலியை உறவின் கையே எடுத்துக் கொடுக்கட்டும். எழுத்தையும் தள்ளிப்போடாதீர்கள்.