இசைக்கு ஆடும் கோடுகள்: அரூப அனிமேஷன்

கதையும் பாத்திரமும் இல்லாமல், கையால் வரைந்த கோடு, புள்ளி, வட்டம் ஆகியவற்றை இசைக்கேற்ப அசையவைக்கும் திரைக்கலை அரூப அனிமேஷன். இதற்கு அடிப்படை தாளக் கணக்கு. படம் நொடிக்கு 24 பிரேம் ஓடும். நிமிடத்துக்கு 120 தட்டு விழும் இசையில் ஒரு தட்டுக்கு 12 பிரேம். கோடு எந்தப் பிரேமில் வளைய வேண்டும் என்பதைத் தாளமே சொல்லிவிடும்.

ஜெர்மனியின் ஆஸ்கர் ஃபிஷிங்கர் வெள்ளைத் தாளில் கரியால் வரைந்து, அதை நெகட்டிவாகத் திரையில் காட்டினார். இருட்டில் வெண்கோடுகள் பாயும். பிராம்ஸின் ஐந்தாம் ஹங்கேரிய நடனத்துக்கு அவர் 1931இல் செய்த 'ஸ்டடி எண் 7' இதற்கு நல்ல சான்று. கனடாவில் நார்மன் மெக்லாரனும் ஈவ்லின் லாம்பார்ட்டும் படச்சுருளின் மீதே வண்ணம் பூசி, ஆஸ்கர் பீட்டர்சனின் ஜாஸுக்கு 'பிகான் டல் கேர்' (1949) படத்தை எடுத்தார்கள்.

இந்தியாவில் இந்த முயற்சி ஓர் ஓவியரிடமிருந்து வந்தது. நேரு ஃபெல்லோஷிப் பணத்தைக் கொண்டு அக்பர் பதம்ஸி 1969இல் பம்பாயில் 'விஷன் எக்ஸ்சேஞ்ச் ஒர்க்‌ஷாப்' தொடங்கினார். அங்கே உருவான 'ஈவென்ட்ஸ் இன் எ கிளவுட் சேம்பர்' வண்ண ஒளியால் ஆன படம். கீதா சாராபாயின் மின்னணு இசை அதில் ஒலித்தது. இருந்தது ஒரே பிரதி, அதுவும் தொலைந்துபோனது. அங்கே உருவான இன்னொரு படமான 'சிசிஜி'க்குச் சுமார் 1,000 ஓவியங்கள். அவற்றுக்கு அசைவு தந்தவர் ராம் மோகன். பதினொரு நிமிடம் ஓடும் இந்தப் படத்தில் ஒலியே கிடையாது. ஆனாலும் கோடுகள் விரைவதிலும் நிற்பதிலும் லயம் தெரிகிறது. இசை இருந்த படம் போய், வரைந்த படம் மட்டும் மௌனமாக மிஞ்சியது பெரிய இழப்பு. தொலைந்த படத்தை 2016இல் இயக்குநர் அஷிம் அலுவாலியா பதம்ஸியோடு சேர்ந்து மீட்டுருவாக்கினார்.

குஜராத்தில் பிறந்த இஷு படேல் கனடாவுக்குப் போய், 1975இல் ஜப்பானிய நரம்பு வாத்தியமான கோட்டோவின் இசைக்கு வடிவியல் உருவங்களை ஆடவைத்த படம் 'பெர்ஸ்பெக்ட்ரம்'.

அரூப அனிமேஷனுக்கு மிக நெருங்கிய படைப்பு ஒன்று கொச்சியின் மட்டாஞ்சேரிக்கு வந்தது. 2018 டிசம்பரில் தொடங்கிய கொச்சி-முசிரிஸ் பினாலே கலைக் கண்காட்சியில், டி.கே.எம். கிடங்கில் தென்னாப்பிரிக்கர் வில்லியம் கென்ட்ரிட்ஜின் 'மோர் ஸ்வீட்லி பிளே த டான்ஸ்' எட்டுத் திரைகளில் ஓடியது. கரியால் வரைந்து, அழித்து, மீண்டும் வரைந்து படமெடுப்பது அவர் முறை. இங்கே கரிக்கோட்டு நிலப்பரப்பின் முன்னால், பித்தளை வாத்தியக் குழுவின் இசையோடு மனித ஊர்வலம் ஒன்று திரைக்குத் திரை நகர்கிறது. மனிதர்கள் நடப்பதால் இதை முழு அரூபம் என்று சொல்ல முடியாது. ஆனால் கைக்கோடும் இசையும் சேரும்போது என்ன நிகழ்கிறது என்று அறிய விரும்புகிறவர்கள் பதம்ஸியின் மௌனப் படத்தையும் இதையும் அடுத்தடுத்துப் பார்க்க வேண்டும்.