தேயிலைப் படத்தில் பேசுவது யார்?



குற்றச் சம்பவமோ சரித்திரமோ, யூடியூபில் எந்த ஆவணப்படத்தைத் திறந்தாலும் ஒரு நிபுணர் வந்து உட்காருகிறார். பின்னால் புத்தக அலுமாரி, கீழே பெயரும் பட்டமும். அவர் சொன்னதை நம் பிள்ளைகள் மறுநாள் வகுப்பில் அப்படியே ஒப்புவிக்கிறார்கள். "இவருக்கு இது எப்படித் தெரியும்?" என்று கேட்க நாம்தான் அவர்களைப் பழக்க வேண்டும். நம் தேயிலையைப் பற்றிய பழைய படம் ஒன்றே அதற்கு நல்ல பாடம்.

1934இல் பசில் ரைட் என்ற ஆங்கிலேயர் 'சோங் ஒஃப் சிலோன்' என்ற படத்தை எடுத்தார். பணம் கொடுத்தது இலங்கைத் தேயிலைப் பிரசார சபை. 1935இல் பிரசல்ஸ் விழாவில் முதற்பரிசும் கிடைத்தது. அழகான படம்தான், மறுப்பதற்கில்லை.

ஆனால் வர்ணனையைக் கவனியுங்கள். குரல், கொழும்புப் பறங்கியரான புகைப்படக் கலைஞர் லயனல் வென்ட்டுடையது. அவர் வாசிப்பது பெரும்பாலும் ரொபர்ட் நொக்ஸின் வார்த்தைகளை. நொக்ஸ் 1660இல் கொட்டியாரத்தில் பிடிபட்டு, கண்டி இராச்சியத்தில் ஏறத்தாழ 20 வருடம் கைதியாக இருந்து தப்பிப் போய், 1681இல் புத்தகம் போட்டவர். ஜேம்ஸ் டெய்லர் லூல்கந்துரவில் 19 ஏக்கரில் தேயிலை நட்டதோ 1867இல். கண்டிக் கிராமங்களுக்கு நொக்ஸ் நேரில் கண்ட சாட்சி. லயத்துக்கு அவர் எப்படிச் சாட்சியாவார்?

மூன்றாம் பகுதிக்குப் பெயர் 'வணிகத்தின் குரல்கள்'. அதில் விலை சொல்லும் குரல், கப்பல் விவரம் சொல்லும் குரல் எல்லாம் கேட்கின்றன. கொழுந்து பறிக்கும் நம் பெண்கள் திரையில் வருகிறார்கள். தங்கள் வாழ்க்கையைத் தாங்களே எடுத்துச் சொல்ல மட்டும் அவர்களுக்கு இடமில்லை.

அன்று சொல்ல ஆளில்லாமலா போனது? கோ. நடேசையர் 1931இலேயே ஹட்டனில் தோட்டத் தொழிலாளர் சம்மேளனம் அமைத்துவிட்டார். அவர் மனைவி மீனாட்சி அம்மாள் தோட்டம் தோட்டமாகப் பாடிச் சனங்களைத் தட்டியெழுப்பினார். பின்னாளில் மடக்கொம்பரையில் பிறந்த சி.வி. வேலுப்பிள்ளை தோட்டத்துப் பாடல்களைத் தேடித் தொகுத்தார். அறிவு இங்கேயே இருந்தது. கேட்கத்தான் ஆளில்லை.

நிபுணரே வேண்டாம் என்று நாங்கள் சொல்லவில்லை. 1948 பிரஜாவுரிமைச் சட்டத்தையும், 525,000 பேரை இந்தியாவுக்கு அனுப்ப முடிவெடுத்த 1964 சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தத்தையும் ஆவணம் படித்தவர்தான் பிழையில்லாமல் விளக்குவார். ஆனால் அண்ணன் கப்பலேற, தம்பி லயத்தில் நின்ற வீட்டில் அன்றிரவு என்ன நடந்தது என்பதை அந்த வீட்டார்தான் சொல்ல வேண்டும். தோட்டத்துக்குக் கடனுக்குச் சாமான் கொடுத்த நம் வாப்பாமாரின் கணக்குக் கொப்பியும் சரித்திரமே.

ஆகவே படம் பார்க்கும் பிள்ளைக்கு மூன்று கேள்விகளைச் சொல்லிக் கொடுங்கள். பேசுபவர் இதைக் கண்டவரா, படித்தவரா? படத்துக்குக் காசு யாருடையது? இதில் யாருடைய குரல் இல்லை?

இந்த லீவில் வீட்டிலுள்ள பாட்டியையோ மூத்தம்மாவையோ உட்கார வைத்துப் பேசச் சொல்லி, போனில் பதிந்து வையுங்கள். பெயர், தோட்டம், டிவிஷன், பிறந்த வருடம் எல்லாம் மறக்காமல் எழுதுங்கள். அவர்கள் இருக்கும்போதே கேட்டால்தான் உண்டு. இன்ஷா அல்லாஹ், நாளைக்கு நம்மைப் பற்றி எடுக்கும் படத்தில் அந்தக் குரலும் இருக்கட்டும்.