கோயில் நில உரிமை வழக்குகள் (தமிழ்நாடு)

தமிழ்நாட்டில் கோயில்களுக்கும் மடங்களுக்கும் உரிய நன்செய், புன்செய், மனைகள் தொடர்பாக எழுந்த வழக்குகளின் வேர் ஒரு பழைய கேள்வியில் இருக்கிறது. கோயிலுக்குக் கொடையாகக் கிடைத்தது நிலமா, அந்நிலத்தின் விளைச்சலில் அரசுக்குச் சேரவேண்டிய பங்கா? அரசர், ஆங்கில அதிகாரி, சட்டமன்றம், நீதிமன்றம் என ஒவ்வொருவரும் இதற்கு வெவ்வேறு விடை சொன்னார்கள். இந்து சமய அறநிலையத்துறையின் கணக்குப்படி இன்று அதன் ஆளுகையில் உள்ள நிறுவனங்களுக்கு ஏறத்தாழ 4.78 லட்சம் ஏக்கர் நிலம் உண்டு.

சோழர் காலத்தில் சிவன் கோயில் நிலம் தேவதானம் என்றும் திருநாமத்துக்காணி என்றும், திருமால் கோயில் நிலம் திருவிடையாட்டம் என்றும் வழங்கியது. எல்லையில் சூலக்கல்லோ திருவாழிக்கல்லோ நட்டார்கள். சிவன் கோயில் நிலத்தை விற்றதும் வாங்கியதும் ஆதிசண்டேசுவரர் பெயரில் நடந்ததைக் கல்வெட்டுகள் காட்டுகின்றன. இறைவனைச் சொத்துக்குரிய ஆளாகக் கொள்ளும் வழக்கம் ஆங்கிலச் சட்டம் வருவதற்குப் பல நூற்றாண்டுகள் முன்பே இங்கு இருந்திருக்கிறது. அதே கல்வெட்டுகள் குடிநீக்கித் தேவதானம், குடிநீங்காத் தேவதானம் என்று இருவகைக் கொடைகளைப் பிரித்தும் சொல்கின்றன. முன்னதில் பழைய குடிகளின் உரிமை நீக்கப்பட்டது. பின்னதில் உழுதவர்கள் அப்படியே இருக்க, அவர்கள் அரசுக்குக் கட்டிய வரி மட்டும் கோயிலுக்குத் திரும்பியது. இந்த வேறுபாடு பிற்காலப் பதிவேடுகளில் மங்கிப்போனதுதான் பெரிய இழப்பு.

கிழக்கிந்தியக் கம்பெனி 1817-ஆம் ஆண்டின் ஏழாம் ஒழுங்குமுறையின் வழியே கோயில் சொத்துகளை வருவாய் வாரியத்தின் மேற்பார்வையில் வைத்தது. பிற சமயக் கோயில்களைக் கிறித்தவ அரசு நிர்வகிப்பதா என்ற எதிர்ப்பு எழவே, 1840-களில் கைகழுவியது. பொறுப்பு அறங்காவலர்களிடமும் மடங்களிடமும் போயிற்று. 1863-ஆம் ஆண்டுச் சட்டம் அந்த விலகலை முழுமையாக்கியது. இதே காலத்தில் இனாம் ஆணையம் ஊர் ஊராக விசாரித்து, மானியங்களை உறுதிசெய்து உரிமைப் பத்திரம் வழங்கியது. ஒரு கோயிலுக்கு இருப்பது மேல்வாரம் (அரசுக்குரிய பங்கு) மட்டுமா, குடிவாரமும் (உழுபவருக்குரிய பங்கு) சேர்ந்த இருவாரமா என்று தீர்ப்புச் சொல்ல நீதிமன்றங்கள் இன்றும் புரட்டிப் பார்ப்பது அன்று எழுதிய இனாம் பதிவேட்டைத்தான். பூசகரும் நாதசுரக்காரரும் பெற்ற ஊழிய மானியங்களில் சிக்கல் இன்னும் கூடுதல். கோயில் பணிக்கென்று விட்ட நிலம் தலைமுறைகள் கடந்தபோது குடும்பச் சொத்தாகவே எண்ணப்பட்டு, அடகுக்கும் விற்பனைக்கும் போனது.

மடத்தலைவர் கொடுத்த நிரந்தரக் குத்தகை அவருக்குப் பின் வருபவரைக் கட்டுப்படுத்துமா என்ற மதுரைப் பகுதி வழக்கு இலண்டன் பிரிவி கவுன்சில் வரை சென்றது. மடத்துக்கு இன்றியமையாத தேவை இருந்தாலன்றிக் கட்டுப்படுத்தாது என்று 1921-இல் தீர்ப்பாயிற்று. 1925-இல் சென்னை மாகாணச் சட்டமன்றம் இந்து சமய அறநிலைய வாரியத்துக்கு வழிசெய்தது. 1951-ஆம் ஆண்டுச் சட்டம் வாரியத்தை அரசுத் துறையாக்கியது. அதை எதிர்த்த சீரூர் மடத்தின் வழக்கில் உச்ச நீதிமன்றம் 1954-இல் தீர்ப்பளித்தது. சமய நெறியில் தலையிடக்கூடாது, சொத்து நிர்வாகத்தைச் சட்டம் ஒழுங்குபடுத்தலாம் என்பது அதன் சாரம். இப்போது நடப்பில் உள்ளது 1959-ஆம் ஆண்டுச் சட்டம். அதன் 34-ஆம் பிரிவின்படி, கோயிலுக்குத் தேவையோ நன்மையோ இருந்து உரிய அனுமதியும் கிடைத்தால்தான் நிலத்தை விற்கவோ ஐந்தாண்டுக்கு மேல் குத்தகைக்கு விடவோ முடியும். 109-ஆம் பிரிவு, கோயில் சொத்தை நெடுங்காலம் அனுபவித்ததாலேயே உரிமை கோரும் வழியை அடைக்கிறது.

இவற்றுக்கு நடுவில் நின்றவர் சாகுபடிதாரர். காவிரிப் படுகையில் கோயில்களும் ஆதீனங்களும் பெரும் நிலவுடைமையாளர்கள். அங்கே 1940-களிலிருந்து விவசாய சங்கங்கள் வாரத்துக்காகவும் குத்தகைப் பாதுகாப்புக்காகவும் போராடின. 1955-இல் குத்தகைதாரர் பாதுகாப்புச் சட்டமும் 1956-இல் நியாயவாரச் சட்டமும் வந்தன. 1961-இல் பொது அறக்கட்டளைகளின் விவசாய நிலத்துக்கெனத் தனிச் சட்டம் பிறந்தது. தஞ்சாவூர், மன்னார்குடி, மயிலாடுதுறை போன்ற இடங்களின் வருவாய் நீதிமன்றங்களில் குவிந்திருக்கும் குத்தகை பாக்கி வழக்குகள் பெரும்பாலும் இதன்கீழ் வருபவை. மழை பொய்த்த ஆண்டில் நெல் அளக்க முடியாத குடியானவரையும், பத்து ஊர் நிலத்தை வளைத்துப்போட்டுப் பாக்கி வைத்தவரையும் ஒரே தட்டில் வைப்பது நியாயமாகாது. கோயில் நிலம் பற்றிய பேச்சில் இந்த வேறுபாடு அடிக்கடி மறைந்துபோகிறது.

1963-ஆம் ஆண்டின் இனாம் ஒழிப்புச் சட்டங்கள் மானிய நிலங்களை, பட்டாதாரர் நேரே அரசுக்கு வரி கட்டும் ரயத்துவாரியாக மாற்றின. யாருக்குப் பட்டா என்ற போட்டியில் கோயில், ஊழியக்காரர், உழுதவர் மூவரும் தீர்வை வட்டாட்சியர் முன் நின்றார்கள். நிலம் போன கோயில்களுக்கு ஆண்டுதோறும் தஸ்திக் என்ற ஈட்டுத்தொகை தரப்பட்டது. அடுத்து 1979 முதல் 1987 வரை நடந்த, நிலப் பதிவேடுகளைப் புதுப்பிக்கும் யுடிஆர் திட்டத்தில் பட்டாக்கள் புதிதாக எழுதப்பட்டன. தெய்வத்தின் பெயர் இருக்கவேண்டிய இடத்தில் அனுபவத்தில் இருந்தவர் பெயர் ஏறிய புல எண்கள் பல. கோயில் நிலம் அதிகமாக நழுவிய இடங்களில் இத்தகைய எழுத்து மேசையும் ஒன்று. அந்தப் பதிவுகளைத் திருத்தக் கோரும் மேல்முறையீடுகள் மாவட்ட வருவாய் அலுவலர்கள் முன் இன்றும் நடக்கின்றன.

கொள்கைக் குறிப்புகளில் 1980-களின் நடுவில் 5.25 லட்சம் ஏக்கராக இருந்த பரப்பு பின்னாளில் 4.78 லட்சமாகக் குறைந்தது எப்படி என்று சென்னை உயர் நீதிமன்றம் 2021-இல் விளக்கம் கேட்டது. அதே ஆண்டு ஜூன் 7 அன்று நீதிபதிகள் ஆர்.மகாதேவன், பி.டி.ஆதிகேசவலு அமர்வு கோயில் சொத்துகளைக் காக்க 75 வழிகாட்டுதல்களைத் தந்தது. அவ்வாண்டிலேயே அறநிலையத்துறை செயற்கைக்கோள் வழி இடம் குறிக்கும் ரோவர் கருவிகளைக் கொண்டு நிலங்களை அளந்து எல்லைக்கல் நடும் பணியைத் தொடங்கியது. ஆக்கிரமித்த புறம்போக்கில் குடியிருப்போருக்குப் பட்டா தருவதற்காக 2019 ஆகஸ்டில் வந்த அரசாணையில் கோயில் நிலங்களும் இடம்பெற்றிருந்தன. உயர் நீதிமன்றம் அதை இடைக்காலமாக நிறுத்திவைத்தது.

நகரங்களில் பூசல் அடிமனையைப் பற்றியது. மண் கோயிலுக்கு, மேலே எழுப்பிய வீடு குடியிருப்பவருக்கு. சென்னை மயிலாப்பூரிலும் திருவரங்கத்திலும் இப்படித் தலைமுறைகளாக வாழும் குடும்பங்கள் உண்டு. சந்தை மதிப்பை ஒட்டி 1959-ஆம் ஆண்டுச் சட்டத்தின் 34-ஏ பிரிவின்கீழ் வாடகை உயர்ந்தபோது பலருக்குப் பாக்கி கட்டுப்படியாகாத தொகையாயிற்று. நியாயமான விலை வாங்கிக்கொண்டு மனையை எங்களுக்கே எழுதிக்கொடுங்கள் என்று அடிமனைக் குடியிருப்போர் சங்கங்கள் கேட்கின்றன. அதற்கு முன்நிற்கும் தடை 34-ஆம் பிரிவுதான். குடியிருப்பவரின் தேவை மட்டும் போதாது, விற்பதால் கோயிலுக்கு நன்மை என்று காட்டியாகவேண்டும்.