கண்ணாடி வழியே வரும் வெயில்

மூடிய கண்ணாடிச் சன்னலருகே வெயில் காய்ந்தால் வைட்டமின் டி கிடைக்குமா?

1801-இல் ஜெர்மானியரான ரிட்டர், நிறமாலையில் ஊதாவுக்கு அப்பால் வெள்ளிக் குளோரைடு விரைந்து கறுப்பதைக் கண்டார். புற ஊதாக் கதிர்கள் இவ்வாறு வெளிப்பட்டன. 1919-இல் பெர்லின் மருத்துவர் ஹுல்ட்ஷின்ஸ்கி, ரிக்கெட்ஸ் என்னும் எலும்பு நோயுற்ற குழந்தைகளை இக்கதிர்களால் குணப்படுத்தினார். அவரது பாதரச விளக்கு குவார்ட்ஸால் ஆனது. சாதாரணக் கண்ணாடியாயின் பயன் இராது. வைட்டமின் டி உண்டாக்கும் குற்றலைக் கதிர்களை அது பெரும்பாலும் விழுங்கிவிடும்.

நெட்டலைப் புற ஊதாக் கதிர்களோ கண்ணாடியைக் கடந்துவிடுகின்றன. 28 ஆண்டுகள் லாரி ஓட்டிய ஒருவரின் படம் 2012-இல் அமெரிக்க மருத்துவ இதழொன்றில் வெளிவந்தது. அந்நாட்டில் ஓட்டுநர் இருக்கை இடப்புறம். அவரது இடக் கன்னம் வலக் கன்னத்தைவிட மிகத் தடித்துச் சுருங்கியிருந்தது!

ஆகவே வாசகர்களே, கண்ணாடி நன்மையைத் தடுக்கிறது. தீமையை முழுதும் தடுப்பதில்லை.