கானலும் தரிசும்

கோடைக்கானல் என்ற பெயரின் பின்பாதி கடற்கரைக்குச் சொந்தமானது. சங்கப் பாடல்களில் கானல் என்றால் பெரும்பாலும் கடலோரச் சோலை. புன்னையும் தாழையும் கண்டலும் நிற்கிற நெய்தல் நிலம். சிலப்பதிகாரத்தின் கானல்வரியும் காவிரி கடலோடு சேரும் இடத்தில்தான் பாடப்படுகிறது. இந்தச் சொல் ஏழாயிரம் அடி உயரத்துக்கு எப்படி ஏறிற்று என்பதற்கு ஆளுக்கொரு விளக்கம் இருக்கிறது. கொடி என்கிறார்கள், கோடை என்கிறார்கள், காடு என்கிறார்கள். தீர்ப்புச் சொல்ல நான் மொழிநூல்காரன் அல்ல. ஆனால் தற்செயலாக விழுந்ததாகவே இருந்தாலும் இந்தப் பெயரில் ஒரு பொருத்தம் இருக்கிறது. பழனிமலை ஒரு தீவு.

உவமைக்காகச் சொல்லவில்லை. மேற்குத் தொடர்ச்சி மலையிலிருந்து கிழக்கே பிரிந்து, சுமார் 65 கிலோமீட்டர் நீளமும் 40 கிலோமீட்டர் அகலமுமாகச் சமவெளிக்குள் நீட்டிக்கொண்டிருக்கிறது இந்த மலை. மூன்று புறமும் வெயில். உயரத்துக் குளிருக்குப் பழகிய ஜீவனுக்கு அந்த வெயில்தான் கடல். அதைக் கடக்க முடியாது. உயிரியல்காரர்கள் இத்தகைய மலைகளை வானத்தீவு என்கிறார்கள். இங்குள்ள சிரிப்பான் குருவி ஒன்றுக்கு, பறவை சேகரித்த அமெரிக்கப் பாதிரியார் ஃபேர்பாங்கின் பெயரை 1869-ல் வைத்தார்கள். அது பாலக்காட்டுக் கணவாய்க்குத் தெற்கே உள்ள உயரங்களில் மட்டும் இருக்கிறது. கணவாய்க்கு வடக்கே நீலகிரியில் இருப்பது வேறு இனம். இடையிலுள்ள பள்ளம் முப்பது நாற்பது கிலோமீட்டர்தான். ஆனால் குருவிகள் அதைத் தாண்டாமல் இருந்து தனித்தனி இனங்களாகவே ஆகிவிட்டன.

2017-ல் மரபணுச் சோதனைகளுக்குப் பிறகு இந்த மலைகளின் இன்னொரு பறவைக் கூட்டத்துக்குப் புதுப் பேரினப் பெயர் சூட்டினார்கள். சோலிகோலா. சோலையில் வாழ்வது என்று அர்த்தம். நம் ‘சோலை’ லத்தீன் வாலோடு விஞ்ஞானத்தில் ஏறியிருக்கிறது. இதில் சந்தோஷப்படலாம். ஆனால் இந்தச் சந்தோஷத்தில் ஒரு ஓட்டை இருக்கிறது. இந்தக் கட்டுரை அந்த ஓட்டையைப் பற்றியது.

பழனிமலையின் மேல்தளம் சோலை மட்டும் அல்ல. நீர் இறங்குகிற மடிப்புகளில், காற்றுக்கு ஒதுங்கி, பாசி படிந்த குட்டை மரங்களாகச் சோலை நிற்கிறது. மடிப்புகளுக்கு வெளியே, முதுகுகளிலும் சரிவுகளிலும், புல். இரண்டுக்கும் இடையே எல்லை கத்தியால் கீறியதுபோல இருக்கும். திறந்த சரிவில் உறைபனி விழுகிறது. சோலை மரத்தின் கன்று அங்கே பிழைப்பதில்லை. மரம் வெட்டி உண்டான வெறும் இடம் இது என்று நெடுநாள் நினைத்தவர்கள் உண்டு. நீலகிரியின் கரிமண்ணை ஆராய்ந்து 1993-ல் வெளியிட்ட முடிவு வேறு கதை சொல்கிறது: இருபதாயிரம் வருஷங்களாக, பருவநிலைக்குத் தக்கபடி, புல் ஓங்கியும் மரம் ஓங்கியும் மாறிமாறி வந்திருக்கின்றன. மனிதன் கோடரி எடுத்து வருவதற்கு முன்பே புல் இருந்தது. மழையைப் பிடித்து மெல்லக் கீழே விடுகிற வேலையில் சோலைக்குப் பங்காளியும் அதுதான். குறிஞ்சி பூப்பதும் இந்தப் புல்வெளியில்தான். சோலையின் இருட்டில் அல்ல.

சோலைக்கு உலக விஞ்ஞானத்தில் தமிழ்ப் பெயர் கிடைத்தது. புல்லுக்குக் கிடைத்த பெயர் தரிசு.

இந்தப் பெயரைத் தந்தவர்களின் சரித்திரத்தைப் பார்க்கலாம். வழக்கமாக எழுதப்படும் கோடைக்கானல் சரித்திரம் 1821-ல் லெப்டினன்ட் வார்டு என்ற நில அளவைக்காரர் மலை ஏறியதில் தொடங்கும். 1834-ல் மதுரையின் துணைக் கலெக்டர் ராட்டன் ஒரு பங்களா கட்டினார். அதே 1834-ல் யாழ்ப்பாணத்து அமெரிக்க மிஷனிலிருந்து சிலர் மதுரைக்கு வந்து ஊழியம் தொடங்கினார்கள். சமவெளியின் காய்ச்சலுக்கும் காலராவுக்கும் பலரைப் பலிகொடுத்தபின், 1845-ல் அவர்கள் மலைமேல் இரண்டு வீடுகள் கட்டினார்கள். அதுதான் ஊரின் பிறப்பு என்று சொல்லப்படுகிறது. 1863-ல் கலெக்டர் லெவிஞ்ச் ஒரு சதுப்பின் ஓடையை மறித்து ஏரி செய்தார். 1895-ல் செண்பகனூரில் சேசு சபையின் கல்லூரி வந்தது. 1899-ல் சென்னையின் வானிலையம் இங்கே மாற்றப்பட்டது. 1909-ல் எவர்ஷெட் சூரியப் புள்ளிகளில் வாயு வெளிநோக்கி ஓடுவதைக் கண்டது இங்கிருந்துதான்.

இது குரூஸோவின் சரித்திரம். டீஃபோவின் நாயகன் தீவில் ஒதுங்கியதும் தன் நிலைமையின் நன்மை தீமைகளை வரவு செலவுபோல இரண்டு பத்திகளாக எழுதுகிறான். அதற்கு முன் தீவுக்கு வரலாறு இல்லை. கணக்கு தொடங்கிய நாளே முதல் நாள். பி.ஏ.யில் இந்தப் பகுதியைப் படித்தபோது சிரித்தேன். வங்கியில் சேர்ந்தபின் அது அவ்வளவு சிரிப்பாகத் தெரியவில்லை. பேரேட்டில் ஏறாதது இல்லாததாகிவிடும்.

ஆனால் குரூஸோவின் மணலில் ஒரு காலடி கிடந்தது. பழனிமலையில் கிடப்பது கல். தாண்டிக்குடி, பண்ணைக்காடு, பெருமாள்மலைப் பக்கங்களில் பாறைப் பலகைகளை நிறுத்திக் கட்டிய பெருங்கற்கால ஈமக்கூடுகள் இருக்கின்றன. செண்பகனூரின் ஆங்லேட் பாதிரியாரும் நியூட்டன் பாதிரியாரும் அவற்றைப் பற்றி எழுதியதைத் தொல்லியல் துறை 1928-ல் வெளியிட்டது. மலையடிவாரத்தில் பழனிக்கு அருகே பொருந்தலில் கா. ராஜன் நடத்திய அகழாய்வில் ஒரு ஈமக்குழியில் நெல் கிடைத்தது, அதற்குக் கி.மு. 490 என்று காலம் கணித்தார்கள். கூடக் கிடைத்த எழுத்தின் காலம்பற்றிச் சர்ச்சை உண்டு. ஆட்கள் இருந்தார்கள் என்பதில் சர்ச்சைக்கு இடமில்லை. அகநானூற்றின் முதல் பாட்டிலேயே ஆவியின் பொதினி வந்துவிடுகிறது. அது பழனி என்பது பலர் ஒப்பும் முடிவு. புறநானூற்றின் கடிய நெடுவேட்டுவனுடைய கோடைமலை இதுவே என்று சொல்பவர்களும் இருக்கிறார்கள்.

அவ்வளவு தூரம் பின்னால் போகவும் வேண்டியதில்லை. வார்டு மேலே வந்ததே வெள்ளகெவி என்ற குன்னுவர் கிராமத்தின் வழியாகத்தான். பூம்பாறை, வில்பட்டி, மன்னவனூர், கவுஞ்சி எல்லாம் பங்களாக்களுக்கு முந்திய ஊர்கள். படிவெட்டிய வயல்கள் அவர்களுடையவை. பூம்பாறையில் இன்றும் விளைகிற மலைப்பூண்டுக்கு 2019-ல் புவிசார் குறியீடு கிடைத்தது. இந்த ஊர்களைச் சொர்க்கமாக்கவும் நான் தயாரில்லை. நிலக்காரர்களுக்குக் கீழே புலையர் கட்டுண்டு உழைத்ததைப் பத்தொன்பதாம் நூற்றாண்டுக் குறிப்புகள் சொல்கின்றன. பளியர் தேனெடுத்த காடு யார் பத்திரத்திலும் அவர்கள் பெயரில் இல்லை. தீவுக்குள்ளும் மேல் கீழ் இருந்தது. அதனாலேயே அது சரித்திரம் உள்ள இடம்.

மோட்டார் பாதை முதல் உலக யுத்த காலத்தில்தான் முடிந்தது. அதற்குமுன் துரைகளும் துரைசானிகளும் பெரியகுளம் பக்கத்து அடிவாரத்திலிருந்து நாற்காலியிலும் டோலியிலும் ஏறினார்கள். அதைத் தூக்கிய தோள்களுக்குப் பெயர் இல்லை. பாதை வந்தபின் வத்தலக்குண்டு மலையின் வாசலாயிற்று. நம் வட்டத்துக்கு அந்த ஊர் வேறு விதத்தில் முக்கியம். ராஜமய்யர், பி.எஸ். ராமையா, சி.சு. செல்லப்பா - நாவல், சிறுகதை, விமர்சனம் மூன்றுக்கும் ஆள் கொடுத்த ஊர். இருந்தும் கமலாம்பாள் சரித்திரத்தின் சிறுகுளமும் வாடிவாசலின் திடலும் சமவெளியில் இருக்கின்றன. குறை சொல்லவில்லை, தங்களுக்குத் தெரிந்ததை அவர்கள் எழுதினார்கள். ஆனால் ஐந்திணையில் முதலாவதாகக் குறிஞ்சியை வைத்துப் பேசுகிற நாம், ஒரு நிஜமான மலையைப் பார்க்கும்போது சொல்லிழந்து போகிறோம். கைக்கு வருவது முருகனும் தேனும் தினையும் மட்டும். மிச்சத்தை வருவாய்த் துறையின் பாஷைக்கு விட்டுக்கொடுத்துவிட்டோம்.

அந்த பாஷை எனக்குப் பழக்கம். விவசாயக் கடன் மனுக்களோடு சிட்டாவும் அடங்கலும் என் மேஜைக்கு வருகின்றன. நஞ்சை, புஞ்சை, தரிசு, புறம்போக்கு. நிலத்தை நான்கு சொல்லில் முடித்துவிடலாம். தரிசு என்று எழுதிவிட்டால் அடுத்த கேள்வி தானாக எழும்: இங்கே என்ன போடலாம்?

பழனிமலையில் போட்டது சீகை என்று மலைக்காரர்கள் சொல்கிற வாட்டில், யூகலிப்டஸ், பைன். தோல் பதனிட வாட்டில் பட்டை வேண்டியிருந்தது. விறகும் கூழ்மரமும் வேண்டியிருந்தன. வெள்ளைக்காரன் தொடங்கி வைத்ததைச் சுதந்திர நாட்டின் வனத்துறை பெரிய அளவில் செய்தது. இதில் கெட்ட எண்ணம் ஒன்றும் இல்லை என்பதுதான் சங்கடம். மரம் நடுவது புண்ணியம் என்று நம்பினார்கள். வெறும் புல்லில் நட்டார்கள். 1973-க்கும் 2014-க்கும் இடைப்பட்ட துணைக்கோள் படங்களை ஒப்பிட்டு 2018-ல் வெளியான ஆய்வின்படி, இந்த மலையின் புல்வெளியில் மூன்றில் இரண்டு பங்கு போய்விட்டது. தோட்ட மரங்களும் விவசாயமும் தின்றது. ஒரு நூற்றாண்டுக்கு மேலாகச் சூரியனைப் படம் எடுத்து அடுக்கி வைத்திருக்கிறது இதே மலை. தன் காலடியில் இருந்த புல்லின் கணக்கை ஆகாயத்திலிருந்து கேட்டுத் தெரிந்துகொள்ள வேண்டியதாயிற்று.

வெறும் இடம் என்ற எண்ணம் வேறு வகையிலும் வேலை செய்தது. அமெரிக்காவிலிருந்து பெயர்த்துக் கொண்டுவந்த ஒரு தெர்மாமீட்டர் தொழிற்சாலை 1980-களில் பாம்பார் சோலையின் விளிம்பில் நிறுவப்பட்டது. பாதரசம் கலந்த உடைந்த கண்ணாடி ஊருக்குள் பழைய சாமான் கடையில் கிடந்தது வெளிப்பட்டு, 2001 மார்ச்சில் இந்துஸ்தான் லீவர் அதை மூடியது. 591 முன்னாள் தொழிலாளர்களோடு உடன்பாடு ஏற்பட 2016 ஆயிற்று. ஒரு இடத்தை உல்லாச ஸ்தலம் என்று மட்டும் பார்க்கப் பழகியவர்கள், அங்கே ஆலைத் தொழிலாளியும் இருக்கிறான் என்பதை நம்பவே பதினைந்து வருஷம் ஆகிறது.

இப்போது வாட்டிலை வெட்டிவிடு என்ற குரல் எழுகிறது. நியாயமான குரல்தான். ஆனால் சில இடங்களில், வெயிலும் பனியும் படாத வாட்டில் நிழலுக்கடியில், சோலைக் கன்றுகள் தாமாக முளைத்திருக்கின்றன. கண்ணை மூடிக்கொண்டு நட்டதைக் கண்ணை மூடிக்கொண்டு வெட்ட முடியாது. ஒவ்வொரு சரிவையும் தனித்தனியே பார்க்க வேண்டும். அப்படிப் பார்ப்பதற்குப் பொறுமை மட்டும் போதாது, சொல்லும் வேண்டும்.

கடலோரத்தின் நிஜமான கானலுக்கும் இதே கதிதான் நேர்ந்தது. தில்லை மரம் சதுப்புக் காட்டு மரம். சிதம்பரத்துக்கே பெயர் கொடுத்தது. ஆனாலும் பிச்சாவரத்துச் சுரபுன்னைக் காட்டின் அருமை, 2004 டிசம்பரில் கடல் உள்ளே வந்தபிறகுதான் நம்மில் பலருக்கு உறைத்தது. அதுவரை சேறு. மலைப்புல்லுக்கு அப்படி ஒரு நாடகீயமான சாட்சி வராது. அதன் சாட்சி மெதுவானது: வைகைக்கும் சண்முகநதிக்கும் இறங்குகிற ஓடைகளின் கோடைக்காலத் தண்ணீர்.

குறிஞ்சி 2006-ல் பூத்தது, 2018-ல் பூத்தது. கணக்குப்படி அடுத்தது 2030. இலங்கையின் பொன்னம்பலம் இராமநாதனை மணந்த, ஆஸ்திரேலியாவில் பிறந்த பெண்மணி 1936-ல் கட்டிய குறிஞ்சி ஆண்டவர் கோயிலுக்கு அந்த வருஷம் கூட்டம் வரும். பத்திரிகைகளில் சங்கப் பாட்டு மேற்கோள்கள் நிறைய வரும். பூ எங்கே நிற்கிறது, எதன் நடுவில் நிற்கிறது என்று யாராவது இரண்டு வரி எழுதினால் போதும். அந்தப் புல்லுக்கு மன்னவனூர்க்காரர்களும் பளியர்களும் வைத்திருக்கும் பெயர்களை யாராவது போய்க் கேட்டு வந்தால் அதைவிட நல்லது. அடங்கலில் அந்தப் பெயர்கள் கிடைக்காது.