சேலம், நாமக்கல் ஊர்வலங்களில் பேண்டு வாத்தியம்

சேலம், நாமக்கல் வட்டாரத் திருவிழாக்களுக்குப் பித்தளைக் குழல் புதிதல்ல. கொம்பும் தாரையும் பறையோடு முழங்கியவைதான். ஆனால் அவற்றில் சில சுரங்களே எழும். முழுப் பாட்டையும் வாசிக்கும் டிரம்பெட், யூபோனியம் போன்றவை ஐரோப்பியப் படைகளோடு வந்தவை. ஸ்ரீரங்கப்பட்டண உடன்படிக்கைப்படி 1792இல் சேலம் பகுதி திப்பு சுல்தானிடமிருந்து அத்தகைய படை வைத்திருந்த கிழக்கிந்தியக் கம்பெனி வசமானது.

அந்த பேண்டு இசை தமிழ்க் காதுக்குப் பழகியதில் தஞ்சை அரண்மனைக்குப் பெரும் பங்குண்டு. இரண்டாம் சரபோஜி (1798–1832) மேற்கத்திய பேண்டு குழுவை வளர்த்தார். அதே காலத்துக் கர்நாடக இசை வாக்கேயக்காரர் முத்துசுவாமி தீட்சிதர் ஐரோப்பிய மெட்டுகளுக்குச் சாகித்தியம் அமைத்தார், அவையே நோட்டுஸ்வரங்கள். பிரிட்டிஷ் அரச வாழ்த்தின் மெட்டும் அவற்றுள் ஒன்று என்பது வேடிக்கை. பேண்டின் கிளாரினெட் சதிர் நடனக் கச்சேரிக்குள்ளும் புகுந்தது.

பின்னாளில் தோன்றிய சிற்றூர் பேண்டு குழுக்கள் படையிடமிருந்து எடுத்துக்கொண்டவை சீருடையும் வரிசை நடையும். பாட்டுகளோ சினிமாவிலிருந்து வந்தன. நோட்டு பாராமல் காதால் கேட்டே பலர் கற்றனர். பறையடிப்பதில் இருந்த சாதிக் கட்டாயம் பேண்டில் இல்லை; கூலி பேசி வாசிக்கலாம். பேண்டு பரவ இதுவே முதன்மைக் காரணமாக இருந்திருக்கலாம். ஒலிபெருக்கியின்றித் தெருக்கோடிவரை கேட்டதும் உதவியது. ஆடித் திருவிழா, கல்யாணம், இறுதி ஊர்வலம் எல்லாம் அதற்கு மேடையாயின. இன்று அந்த இடத்துக்குக் கேரளத்துச் செண்டை மேளமும் டிஜே ஒலிபெருக்கியும் போட்டியிடுகின்றன.